அஸ்டோரியா, அதாவது பழைய ஸ்டாக்ஹோம் (1948): கடைசியில் உடைக்கவே போய்விட்டது

கடல்காகம்:
பழைய கப்பல் படங்களைச் சும்மா மேய்ந்துகொண்டிருந்தேன், ஒரு படத்தில் கண் நின்றுவிட்டது. ராட்டர்டாமில் ஐந்து வருடத்துக்குக் கிட்டத்தட்ட யாரும் சீண்டாமல் கட்டிக்கிடந்த அஸ்டோரியாவை 2025இல் இழுவைப் படகுகள் பெல்ஜியத்தின் கென்ட் நகரத்துக்கு இழுத்துப் போய்விட்டன. உடைப்பதற்குத்தான். பக்கமெல்லாம் துரு வழிந்திருக்கிறது, புகைபோக்கியில் எந்தக் கம்பெனியின் அடையாளமும் இல்லை.

இங்கே பாதிப் பேருக்கு அஸ்டோரியா என்றால் சாதாரண சின்ன உல்லாசக் கப்பல். ஆனால் இதுதான் 1956 ஜூலை 25 ராத்திரி நான்டக்கெட் தீவுக்குத் தெற்கே மூடுபனியில் இத்தாலியின் ஆந்திரேயா டோரியாவை இடித்து, மறுநாள் காலை அதைக் கடலுக்கு அடியில் அனுப்பிய ஸ்டாக்ஹோம். இடித்த கப்பல் அதற்குப் பிறகும் 69 வருடம் உயிரோடு இருந்திருக்கிறது. எத்தனை முதலாளி, எத்தனை பெயர், எத்தனை கொடி! நான் தொகுத்த பட்டியல் கீழே, தப்பிருந்தால் திருத்துங்கள்.

ஸ்டாக்ஹோம், ஃபோல்க்கர்ஃபிராய்ன்ட்ஷாஃப்ட், ஃபோல்க்கர், ஃப்ரிட்யோஃப் நான்சன், இத்தாலியா 1, இத்தாலியா ப்ரிமா, வால்தூர் ப்ரிமா, கரீபே, அதீனா, அசோர்ஸ், அஸ்டோரியா.

பதினொன்று. ஒரு கப்பலுக்கு இத்தனை பெயர் எப்படி வந்தது, இவ்வளவு நாள் எப்படித் தாங்கியது, இதைத்தான் பேசலாம் என்று இழையைத் திறந்தேன்.

மின்மினி:
ஆந்திரேயா டோரியா பற்றிக் கேள்விப்பட்டிருக்கிறேன். ஆனால் இடித்த கப்பல் என்ன ஆயிற்று என்று ஒருநாளும் யோசித்ததில்லை. செத்தவரைப் பற்றித்தான் பேசுவார்கள், வண்டி ஓட்டியவன் அப்புறம் என்ன ஆனான் என்று யார் கேட்கிறார்கள். பழி யார் மேல் விழுந்தது?

சுக்கான்:
யார் மேலும் முழுசாக விழவில்லை. இரண்டு கம்பெனிகளும் கோர்ட்டுக்கு வெளியே சமரசம் செய்துகொண்டன, அதனால் "இவர்தான் குற்றவாளி" என்று தீர்ப்பே வரவில்லை. இரண்டு கப்பலிலும் ரேடார் இருந்தது, இரண்டு பேரும் மற்றவரைத் திரையில் பார்த்தார்கள். ஆளுக்கு ஒரு விதமாகப் புரிந்துகொண்டார்கள், அதுதான் வினை. இத்தாலியர்கள் இடப்பக்கம் திருப்பினார்கள், ஸ்வீடன்காரர்கள் வலப்பக்கம் திருப்பினார்கள். விலகுகிறோம் என்று நினைத்து ஒருவர் வழியில் ஒருவர் போய் விழுந்தார்கள். டோரியாவில் 46 பேர், ஸ்டாக்ஹோமில் மாலுமிகள் 5 பேர், மொத்தம் 51 உயிர். டோரியா சடாரென்று ஒரு பக்கமாகச் சாய்ந்துவிட்டதால் மேலே தூக்கிய பக்கத்துப் படகுகளை இறக்கவே முடியவில்லை. ஆனாலும் மூழ்க 11 மணி நேரம் ஆனது, பிரான்சின் இல் தெ பிரான்ஸ் திரும்பி வந்து 750 பேருக்கு மேல் ஏற்றிக்கொண்டது. இடித்த ஸ்டாக்ஹோமே 500 பேருக்கு மேல் காப்பாற்றியது, அதைப் பலரும் சொல்வதில்லை.

டோரியாவின் அறையில் தூங்கிக்கொண்டிருந்த 14 வயதுச் சிறுமி, இடித்த வேகத்தில் ஸ்டாக்ஹோமின் நொறுங்கிய முன்பகுதியில் உயிரோடு கிடந்தாள். அவள் ஸ்பானிஷில் பேச, அந்த மொழி தெரிந்த ஒரு மாலுமி அங்கே இருந்து அவளைக் கண்டெடுத்தார். அவள் எந்தக் கப்பல் பயணி என்று பட்டியலைப் புரட்டிப் பார்த்தார்கள், ஸ்டாக்ஹோம் பட்டியலில் அப்படி ஒரு பெயரே இல்லை.

செகண்ட் இன்ஜினியர் (ஓய்வு):
நல்ல இழை. நான் இந்தக் கப்பலில் வேலை செய்ததில்லை, ஆனால் இதே ஜாதி ஒரு கிழவியில் இரண்டு ஒப்பந்தம் முடித்திருக்கிறேன், அதனால் கொஞ்சம் வாயைத் திறக்கிறேன்.

முதலில் "எப்படித் தாங்கியது". இது பிறப்பிலேயே பகட்டுக் கப்பல் இல்லை. ஸ்வீடிஷ் அமெரிக்கன் லைன் போர்க் காலத்தில் ஆர்டர் கொடுத்து, கோத்தன்பர்க்கில் கோட்டவெர்கன் தளத்தில் கட்டியது. 1946 செப்டம்பரில் தண்ணீரில் இறங்கியது, 1948 பிப்ரவரியில் நியூயார்க்குக்கு முதல் பயணம். நீளம் 160 மீட்டர், பயணிகள் நானூறுக்கும் கீழே. அப்போது வட அட்லாண்டிக்கில் ஓடிய பயணிக் கப்பல்களில் இதுதான் பொடிசு, கடலில் ரொம்ப உருளும் என்ற கெட்ட பெயரும் உண்டு. ஆனால் வடக்கே பனிக்கட்டி மிதக்கும் கடலில் ஓட வேண்டும் என்பதற்காக முன்மூக்கைக் கெட்டியாகக் கட்டினார்கள். அந்தக் கெட்டி மூக்குதான் டோரியாவின் வயிற்றில் அவ்வளவு ஆழமாக இறங்கியது.

கெட்டியான உடம்பு, சின்ன அளவு. அடுத்து வந்த ஒவ்வொரு முதலாளியும் இந்த இரண்டுக்குத்தான் காசு கொடுத்தான். மற்றதெல்லாம் அவன் போட்ட மேக்கப்.

பிழைதிருத்தி:
ஒரு சின்னச் சேர்க்கை. அந்தக் கம்பெனிக்கு ஸ்டாக்ஹோம் என்ற பெயரே ராசியில்லை. இதற்கு முன்னால் அதே பெயரில் இத்தாலியின் மான்ஃபல்கோனேயில் ஒரு பெரிய கப்பல் கட்டினார்கள், 1938இல் கட்டும்போதே தீப்பிடித்துப் போயிற்று. அதே இடத்தில் மறுபடி கட்டினார்கள். அதற்குள் போர் வந்து அது இத்தாலியர் கைக்குப் போனது, ஸ்வீடனுக்கு வரவே இல்லை. அப்புறம்தான் இந்தச் சின்னது.

கடல்காகம்:
பெயரில் என்ன இருக்கிறது என்பார்கள்! சரி, டோரியாவுக்கு அப்புறம் என்ன என்று என் பங்குக்கு எழுதுகிறேன்.

நொறுங்கிய மூக்கோடு தன் சொந்த பலத்தில் நியூயார்க் திரும்பியது. புரூக்ளினில் பெத்லெஹெம் ஸ்டீல் தளத்தில் புது முன்பகுதி செய்து ஒட்டினார்கள், அதே ஆண்டு முடிவதற்குள் மறுபடி ஓட ஆரம்பித்துவிட்டது. 1960இல் கிழக்கு ஜெர்மனிக்கு விற்றுவிட்டார்கள். வாங்கியது கப்பல் கம்பெனிகூட இல்லை, தொழிற்சங்கக் கூட்டமைப்பு! நன்றாக உழைத்த தொழிலாளிக்கும் கட்சிக்கு வேண்டியவர்களுக்கும் விடுமுறைப் பயணம். பெயர் ஃபோல்க்கர்ஃபிராய்ன்ட்ஷாஃப்ட், "மக்களின் நட்பு" என்று அர்த்தம்.

அடுத்த ஆண்டு பெர்லின் சுவர் எழும்பியது. ஊரைவிட்டு வெளியே விடாத அரசாங்கம் ஊர்சுற்றிக் காட்டும் கப்பல் ஓட்டுகிறது. மேற்கு ஜெர்மனிக் கரை கண்ணுக்குத் தெரியும் தூரத்தில் போகும்போது பயணிகள் கடலில் குதித்துத் தப்பியிருக்கிறார்கள், ஒருவர் இருவர் இல்லை, பல பேர்.

மின்மினி:
விடுமுறைக்குப் போன இடத்தில் கடலில் குதிப்பதா! அந்தக் கடல் எவ்வளவு சில்லென்று இருக்கும்.

சுக்கான்:
1962 அக்டோபரை விட்டுவிட்டீர்களே. கியூபா ஏவுகணை நெருக்கடி நேரத்தில் அமெரிக்க ஜனாதிபதி கென்னடி கியூபாவுக்குப் போகும் கப்பல்களைத் தடுக்கக் கடலில் கோடு போட்டார். சோவியத் சரக்குக் கப்பல்கள் சில வழியிலேயே திரும்பின, ஆனால் ஃபோல்க்கர்ஃபிராய்ன்ட்ஷாஃப்ட் பாட்டுக்குப் பயணிகளோடு ஹவானாவை நோக்கிப் போய்க்கொண்டிருந்தது. ஏறியிருந்தவர்களில் பெரும்பாலானவர்கள் செக்கோஸ்லோவாக்கியத் தொழில்நுட்ப ஆட்கள். நிறுத்துவதா விடுவதா என்று வெள்ளை மாளிகையில் இந்த ஒரு கப்பலைப் பற்றியே தனியாகப் பேசியிருக்கிறார்கள். நிறுத்தப் போய் சுட வேண்டி வந்து, ஆயிரம் பேர் இருக்கும் பயணிக் கப்பலுக்கு ஏதாவது ஆனால் என்ன செய்வது என்ற பயம். கடைசியில் போகட்டும் என்று விட்டுவிட்டார்கள். ஆறு வருடத்துக்கு முன்னால் அமெரிக்கக் கடற்கரைக்குப் பக்கத்தில் ஒரு கப்பலை மூழ்கடித்தது இதே ஆசாமிதான் என்று அந்த அறையில் யாருக்காவது தோன்றியிருக்குமா தெரியாது.

பிழைதிருத்தி:
"ஆயிரம் பேர்" கொஞ்சம் ஓவர் சுக்கான். அறைகளை நெருக்கிக் கட்டிய பிறகும் இது 600 பேரைத் தாண்டிய கப்பல் இல்லை.

சுக்கான்:
சரி, வாய் தவறிவிட்டது. நூற்றுக்கணக்கானவர்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

கடல்காகம்:
1985 வரை கிழக்கு ஜெர்மனிதான். குளிர்காலத்தில் மேற்கத்தியப் பணத்துக்காக ஸ்வீடனின் ஸ்டெனா லைனுக்கு வாடகைக்கு விட்டும் ஓட்டினார்கள். மக்களின் நட்பு கோடையில், மக்களின் பணம் குளிரில்.

அப்புறம் அதைத் தள்ளிவிட்டு மேற்கு ஜெர்மனியில் கட்டிய அஸ்டோர் என்ற கப்பலை வாங்கி ஆர்கோனா என்று பெயர் வைத்தார்கள். இங்கேதான் ஒரு வேடிக்கை. அந்த ஆர்கோனாவுக்கு 2002இல் வந்த அடுத்த முதலாளி வைத்த பெயர் அஸ்டோரியா! அதாவது இவளைத் துரத்திவிட்டு வந்தவள் அந்தப் பெயரில் முதலில் ஓடினாள், 14 வருடம் கழித்து 2016இல் இவளுக்கு அதே பெயர். பழைய கப்பல் உலகம் அவ்வளவு சின்னது.

1985க்கு அப்புறம் பனாமா கம்பெனி ஒன்று வாங்கி, சவுத்தாம்டனில் சும்மா நிறுத்தி வைத்திருந்தது. 1986 கடைசியில் நார்வேயின் ஆஸ்லோவுக்குப் போய் ஃப்ரிட்யோஃப் நான்சன் என்ற பெயரில் அகதிகளைத் தங்கவைக்கும் மிதக்கும் விடுதி. துருவப் பயணியாக இருந்து பின்னால் அகதிகளுக்காக உழைத்து நோபல் அமைதிப் பரிசு வாங்கியவரின் பெயர். பதினொரு பெயரில் பொருத்தம் பார்த்து வைத்தது இது ஒன்றுதான் என்பது என் அபிப்பிராயம்.

மின்மினி:
தப்பி ஓடுபவர்களைத் தடுக்கப் பார்த்த கப்பல், கடைசியில் தப்பி வந்தவர்களுக்கு வீடாயிற்று. அடடா.

செகண்ட் இன்ஜினியர் (ஓய்வு):
உணர்ச்சிவசப்படாதே அம்மா, ஓடாமல் நிற்கும் கப்பலுக்கு அது சுலபமான வருமானம். இன்ஜின் வேண்டாம், ஆளும் கம்மி, ஜெனரேட்டர் ஓடினால் போதும், கக்கூஸ் அடைக்காமல் இருந்தால் போதும். வேறு வழியில்லாத கிழட்டுக் கப்பல்கள் எல்லாம் இந்த வழியாகத்தான் போகும்: தொழிலாளர் விடுதி, அகதி விடுதி, மாணவர் விடுதி. அதற்கு அடுத்த நிறுத்தம் பெரும்பாலும் உடைப்புக் கடற்கரை.

இது மட்டும் அங்கே போகாமல் திரும்பி வந்தது. 1989இல் ஸ்டார்லாரோ வாங்கியது, இன்றைய எம்எஸ்சி குரூஸஸின் முன்னோடி. இழுத்துப் போன இடம் எது? ஜெனோவா. டோரியாவின் சொந்தத் துறைமுகம்! இத்தாலியப் பத்திரிகைகள் "மரணக் கப்பல்" என்று எழுதின.

உள்ளே பார்த்தால் இரும்பு நன்றாக இருக்கிறது. அதனால் மேல்தளங்களை மொத்தமாகச் சுரண்டி எறிந்துவிட்டு, உடம்பை மட்டும் வைத்துக்கொண்டு, புது இன்ஜின், புது அறை, புது புகைபோக்கி எல்லாம் போட்டார்கள். பின்பக்கம் இரண்டு புறமும் மிதவைத் திறனுக்காக ஒரு இரும்புப் பாவாடை மாதிரி ஒட்டினார்கள், அழகு என்று யாரும் சொல்ல மாட்டார்கள். 1994இல் வெளியே வந்தபோது பழைய ஆளுக்கு அடையாளம் முன்பக்க வளைவு மட்டும்தான்.

பிழைதிருத்தி:
அப்படியானால் என் பழைய வாதத்தை இங்கே வைக்கிறேன். 1994க்கு அப்புறம் அது ஸ்டாக்ஹோமே இல்லை. மேலே இருந்தது போயிற்று, இன்ஜின் போயிற்று, உள்ளே ஒரு நாற்காலிகூடப் பழையது இல்லை. "டோரியாவை இடித்த கப்பலில் போகலாம் வாங்க" என்று டிக்கெட் விற்றவர்கள் விற்றது கதையை. இன்னும் கொடுமை, இடித்த மூக்கே இல்லையே! அது 1956லேயே புரூக்ளினில் வெட்டி எறியப்பட்ட இரும்பு. அஸ்டோரியாவின் முன்பக்கம் நின்று படம் எடுத்துக்கொண்டவர்கள் எல்லாம் அமெரிக்கத் தகட்டுக்கு முன்னால் நின்றிருக்கிறார்கள்.

சுக்கான்:
மூக்கு போனதால் ஆள் மாறிவிடுமா? விபத்தில் பல் போனவர் கட்டிய பல்லோடு வந்தால் "நீ அவன் இல்லை" என்பீர்களா.

பிழைதிருத்தி:
பல் போனால் பரவாயில்லை சார், இங்கே எலும்புக்கூட்டை மட்டும் வைத்துக்கொண்டு தலை, குடல், இதயம் எல்லாம் மாற்றியிருக்கிறது.

கடல்காகம்:
இதற்குப் பதில் என்னிடம் ஒன்று இருக்கிறது. ஐஎம்ஓ (சர்வதேசக் கடல்சார் அமைப்பு) எண் பாருங்கள். கப்பல் எந்தப் பெயரில், எந்தக் கொடியில் ஓடினாலும் அந்த ஏழு இலக்க எண் உடம்போடு ஒட்டியது, உடையும்வரை மாறாது. அஸ்டோரியாவின் எண் 5383304.

5இல் ஆரம்பிக்கும் எண்கள் 1960களின் ஆரம்பத்தில் லாய்ட்ஸ் என்ற கப்பல் பதிவேட்டில் இருந்த கப்பல்களுக்கு ஆங்கில அகரவரிசையில் கொடுத்தவை. அப்போதைய வேறு பயணிக் கப்பல்களைப் பாருங்கள்: கான்பெரா 5059953. ஃபுன்ஷால் 5124162. ஓரியானா 5264742. ராட்டர்டாம் 5301019. நம்முடையது 538, அதாவது எழுத்துவரிசையின் கடைசிப் பக்கம். ஸ்டாக்ஹோம் என்று இருந்திருந்தால் ராட்டர்டாமுக்குக் கொஞ்சம் பின்னால் வந்திருக்க வேண்டும். எண் கொடுத்தபோது அதன் பெயர் ஃபோல்க்கர்ஃபிராய்ன்ட்ஷாஃப்ட், அது ஆங்கில 'வி' எழுத்தில் ஆரம்பிக்கும். இத்தாலியர்களும் போர்த்துகீசியர்களும் எத்தனை தடவை பெயர் மாற்றினாலும் அந்தக் கிழக்கு ஜெர்மன் 'வி' இரும்பிலேயே தங்கிவிட்டது. ராத்திரி ஒரு மணிக்கு இதைக் கண்டுபிடித்து நான் தனியாகக் கைதட்டினேன்.

மின்மினி:
இங்கே நானும் தட்டினேன்.

பிழைதிருத்தி:
எண் நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் எண் சொல்வது "ஒரே பதிவு" என்று, "ஒரே கப்பல்" என்று இல்லை. நிலுவையில் வைக்கிறேன்.

வழக்காடி:
எண் பேச்சு வந்ததால் நானும் நுழைகிறேன். பெயர் அடிக்கடி மாறுவதைப் பார்த்து, வரலாற்றை மறைக்கிறார்கள் என்று பலர் நினைக்கிறார்கள். பாதிக்கு மேல் காரணம் கடன்தான்.

கப்பல் கம்பெனி திவாலானால் கடன்காரர்கள் கம்பெனியைத் துரத்துவதில்லை, கப்பலைப் பிடிக்கிறார்கள். கடல் சட்டத்தில் கப்பலே பிரதிவாதி மாதிரி. எரிபொருள் கொடுத்தவன், துறைமுகம், சாமான் கொடுத்தவன், எல்லாருக்கும் மேலாகச் சம்பளம் வராத மாலுமிகள், இவர்கள் கோர்ட்டுக்குப் போனால் கப்பலைக் "கைது" செய்வார்கள். சும்மா சொல்லவில்லை, வாரண்டைக் கொண்டுவந்து பிரிட்ஜ், அதாவது கப்பலை ஓட்டும் அறையின் கண்ணாடியில் ஒட்டுவார்கள். அப்புறம் கோர்ட் ஏலம் விடும். ஏலத்தில் எடுப்பவனுக்குக் கப்பல் பழைய கடன் எதுவும் ஒட்டாமல் சுத்தமாகப் போகும், பழைய கடன்காரர்கள் ஏலப் பணத்தில் வரிசைப்படி பங்கு வாங்கிக்கொள்ள வேண்டியதுதான். புது முதலாளி பெயரையும் மாற்றிவிடுவான். கங்கையில் முங்கி எழுந்த மாதிரி.

இந்தக் கப்பல் அதீனா என்ற பெயரில் போர்ச்சுகல் கொடியோடு கிளாசிக் இன்டர்நேஷனல் குரூஸஸிடம் ஓடியது. 2012இல் அந்தக் கம்பெனியின் நிறுவனர் இறந்தார். செப்டம்பரில் கட்டாத பில்லுக்காக மார்சேயில் கப்பலைப் பிடித்து நிறுத்தினார்கள், வருட முடிவில் கம்பெனியே திவால். அடுத்த ஆண்டு போர்ட்டஸ்கேல் என்ற புதுப் போர்த்துகீசியக் கம்பெனி கையில் அசோர்ஸ் ஆனது.

செகண்ட் இன்ஜினியர் (ஓய்வு):
வழக்காடி சொன்ன கண்ணாடியில் ஒட்டும் காகிதத்தை நான் கண்ணால் பார்த்தவன். கம்பெனி பெயர் வேண்டாம், கப்பல் பெயரும் வேண்டாம்.

நாலாவது முதலாளியிடம் ஓடிக்கொண்டிருந்த பயணிக் கப்பல். இன்ஜின் கன்ட்ரோல் ரூமில் ஒவ்வொரு வால்வுக்கும் நாலு அடுக்கு லேபிள். அடியில் பித்தளைத் தகடு, எங்களில் யாருக்கும் படிக்கத் தெரியாத மொழி. அதன்மேல் கிரேக்கத்தில் பெயிண்டால் எழுதியது. அதன்மேல் ஆங்கிலத்தில் பிளாஸ்டிக் டேப். அதற்கும் மேலே எங்கள் ஃபோர்த் இன்ஜினியர் மார்க்கரில் "தொடாதே" என்று எழுதி வைத்திருப்பான். வரைபடத்தில் இருக்கும் குழாய் கப்பலில் இருக்காது, கப்பலில் இருக்கும் குழாய் வரைபடத்தில் இருக்காது. ஒருநாள் பில்ஜுக்கு, அதாவது கப்பலின் அடிவயிற்றுக்கு மேலே துரு பிடித்துப் போன ஒரு குழாயைச் செத்த குழாய் என்று நானே முடிவு செய்து, ஃபிட்டரை விட்டு அறுக்கச் சொன்னேன். பாதி அறுக்கும்போதே தெரிந்துவிட்டது, சாகவில்லை. இரண்டு தளத்துக் கக்கூஸ் லைன். ஃபிட்டர் அதற்கப்புறம் ஒரு வாரம் என் முகத்தைப் பார்க்கவில்லை.

மூன்று மாதம் சம்பளம் வரவில்லை. நாளைக்கு வரும், திங்கட்கிழமை வரும் என்றார்கள். ஒரு துறைமுகத்தில் பயணிகள் இறங்கிய பிறகு இரண்டு பேர் கோட்டு போட்டு வந்து பிரிட்ஜில் காகிதம் ஒட்டினார்கள், அவ்வளவுதான். டீசல் மிச்சம் பிடிக்க ஏசி நிறுத்தம், ஒரே ஒரு ஜெனரேட்டர். கோடைக்காலத்தில் இரும்புப் பெட்டிக்குள் ஏசி இல்லாமல் தூங்கிப் பாருங்கள். கடைசியில் ஏலம் நடந்து எங்களுக்குப் பணம் வந்தது, முழுசாக இல்லை. புது முதலாளி ஆட்கள் முதல் வேலையாகப் புகைபோக்கிக்குப் பெயிண்ட் அடித்தார்கள், இரண்டே நாள். கீழே அதே பம்ப், அதே ஒழுகல்.

சுக்கான்:
அதீனா பேச்சில் கடல்கொள்ளையரையும் சொல்ல வேண்டும். 2008 டிசம்பர் 3, ஏடன் வளைகுடா. 29 படகுகள் சூழ்ந்துகொண்டன என்று செய்தி வந்தது. மாலுமிகள் தீயணைப்புக் குழாயால் தண்ணீர் பீய்ச்சினார்கள், அமெரிக்கக் கடற்படையின் பி-3 ஓரியன் விமானம் மேலே வட்டமடித்ததும் கலைந்துபோனார்கள். 60 வயதுக் கப்பல், 29 படகு!

பிழைதிருத்தி:
29 படகில் மீன்பிடிப் படகு எத்தனை என்றும் யாராவது எண்ணியிருந்தால் நன்றாக இருக்கும். பெரிய கூட்டமாகப் படகு வந்தால் அது சூரை மீன் பின்னாலும் வந்திருக்கலாம்.

சுக்கான்:
உங்களுக்கு ஒரு நல்ல கதையைக்கூட ரசிக்க விடக் கூடாது.

செகண்ட் இன்ஜினியர் (ஓய்வு):
கொள்ளையரைவிடப் பெரிய ஆபத்தில் இருந்து தப்பியதைச் சொல்கிறேன், அது 2010 அக்டோபர் 1. சோலாஸ் என்ற சர்வதேசக் கப்பல் பாதுகாப்பு ஒப்பந்தத்தின் விதிப்படி அந்தத் தேதிக்கு மேல் பழைய பயணிக் கப்பலில் எரியக்கூடிய மரத்தடுப்பு மாதிரிச் சமாச்சாரங்கள் கட்டுமானத்தில் இருக்கக் கூடாது. 1950, 60களின் கப்பல் எல்லாம் உள்ளே தேக்கும் வார்னிஷுமாகத்தானே இருக்கும், அதுதான் அழகு. அதைப் பிய்த்து மாற்றக் கப்பல் விலையைவிட அதிகம் ஆகும். அந்த ஒரு விதியிலேயே ஏகப்பட்ட நல்ல கப்பல்கள் உடைப்புக்குப் போயின.

இது ஏன் தப்பியது? ஜெனோவாவில் உள்ளே எல்லாவற்றையும் சுரண்டி எறிந்து 1990களின் சாமான் போட்டதால்தான். பிழைதிருத்தி "அது ஸ்டாக்ஹோமே இல்லை" என்கிறாரே, அவர் எதைக் குறை சொல்கிறாரோ அதுதான் அதைக் காப்பாற்றியது. பழையபடியே வைத்திருந்தால் எல்லாரும் புகழ்ந்திருப்பார்கள், 2010இல் வெட்டியும் இருப்பார்கள்.

பிழைதிருத்தி:
இது நல்ல அடி. ஏற்றுக்கொள்கிறேன், பாதி.

மின்மினி:
நடுவில் கியூபாவும் வந்தது இல்லையா? வால்தூர் ப்ரிமா என்ற பெயர்.

கடல்காகம்:
ஆமாம், 1998இல் வால்தூர் என்ற இத்தாலிய விடுமுறைக் கம்பெனிக்கு வாடகைக்குப் போய்க் கியூபாப் பக்கம் ஓடியது. 2001 செப்டம்பர் 11க்கு அப்புறம் சுற்றுலா படுத்துவிட, ஹவானாவிலேயே கட்டிப்போட்டார்கள். 39 வருடத்துக்கு முன்னால் கென்னடி போகவிட்ட அதே ஊரில். 2002இல் ஃபெஸ்டிவல் குரூஸஸ் வாங்கிக் கரீபே என்று பெயர் வைத்தது, அந்தப் பெயருக்குப் பெரிய வாழ்வு இல்லை. 2005இல் அதீனா. பிற்பகுதியை இன்னும் வேகமாகச் சொல்லிவிடலாம்: 2015இல் இங்கிலாந்தின் சிஎம்வி என்ற உல்லாசக் கப்பல் கம்பெனி வாடகைக்கு எடுத்தது, 2016இல் அஸ்டோரியா. அந்தக் கம்பெனியிடம் ஏற்கெனவே ஒரு அஸ்டோர் இருந்தது, ஜோடிப் பெயர். அப்புறம் கொரோனா.

வழக்காடி:
2020 ஜூனில் இங்கிலாந்துத் துறைமுகங்களில் நின்ற ஐந்து கப்பல்களை அந்நாட்டுக் கடல்சார் அதிகாரிகள் தடுத்து வைத்தார்கள், அதில் அஸ்டோரியாவும் ஒன்று. ஒப்பந்தம் முடிந்தும் ஊருக்குப் போக முடியாத மாலுமிகள், தாமதமான சம்பளம். அடுத்த மாதமே சிஎம்வி விழுந்தது. செகண்ட் சார் சொன்ன கதை அப்படியே இன்னொரு தடவை.

மின்மினி:
யாராவது அருங்காட்சியகமாக வைத்திருக்கக் கூடாதா? 1914இல் கட்டிய டூலோஸ் இந்தோனேசியாவின் பிந்தான் தீவில் கரையேற்றி ஹோட்டலாக இருக்கிறதே. அதுவும் மெதீனா, ரோமா, ஃப்ராங்கா சி என்று பல பெயர் பார்த்த கப்பல்தான்.

செகண்ட் இன்ஜினியர் (ஓய்வு):
ஹோட்டலாக்கும் பேச்சும் வந்தது, நடக்கவில்லை. யோசித்துப் பார், இது கட்டிக்கிடந்த ராட்டர்டாம் துறைமுகத்திலேயே 1959இன் ராட்டர்டாம் ஹோட்டலாக, மியூசியமாக நிற்கிறது. அதற்கு உள்ளே பழைய மரவேலை, பழைய ஓவியம், பார்க்கக் கூட்டம் வருகிறது. அஸ்டோரியாவில் உள்ளே போனால் 1994இன் இத்தாலிய ஹோட்டல் வராந்தாதான் இருக்கும். எந்தச் சுரண்டல் அதை 2010இல் காப்பாற்றியதோ அதே சுரண்டல் கடைசியில் மியூசியம் ஆகவிடாமல் செய்தது. உடம்பைப் பார்க்க யார் டிக்கெட் வாங்குவார், அது தண்ணீருக்கு அடியில் இருக்கிறது.

ஓட்டவும் முடியாது. 550 பயணிக்கு அதில் பாதி அளவு ஊழியர் வேண்டும், மூவாயிரம் பேர் ஏறும் கப்பலோடு எப்படி விலையில் போட்டி போடுவது. சின்னத் துறைமுகத்துக்குள் நுழையும் என்ற ஒரே பலத்தில்தான் அதுவரை காலம் தள்ளியது.

பிழைதிருத்தி:
கடல்காகம், உங்கள் பட்டியலில் பதினொன்று என்கிறீர்கள். கென்ட்டுக்கு இழுத்துப்போனபோது பெயர் "அஸ்டோ". ஆகப் பன்னிரண்டு.

கடல்காகம்:
அஸ்டோவா? நான் எழுத்து உதிர்ந்து போய்விட்டது என்று நினைத்தேன்!

செகண்ட் இன்ஜினியர் (ஓய்வு):
உதிரவில்லை, அடித்தது. உடைப்புக்குப் போகும் கடைசிப் பயணத்துக்குப் பெரும்பாலும் பதிவு மாறும், பழைய பெயரை அப்படியே வைக்க மாட்டார்கள். அதற்காக யார் புதுப் பெயர் எழுதுவார்? ஒரு ஆளைப் பலகையில் உட்காரவைத்துக் கயிற்றில் இறக்கி, பின்னால் இருக்கும் சில எழுத்துகளுக்கு மேல் பெயிண்ட் அடித்துவிடுவார்கள். மிச்சம் இருப்பதுதான் பெயர். அரை டப்பா பெயிண்ட் செலவு.

இன்னொரு தடவை உங்கள் பட்டியலைப் பாருங்கள். 1985இல் ஃபோல்க்கர்ஃபிராய்ன்ட்ஷாஃப்ட் எப்படி ஃபோல்க்கர் ஆனது என்று நினைக்கிறீர்கள்?

கடல்காகம்:
அய்யோ. முதல் ஆறு எழுத்து.

செகண்ட் இன்ஜினியர் (ஓய்வு):
முதல் ஆறு எழுத்து. 'ஓ'வுக்கு மேலே இருக்கும் இரண்டு புள்ளியையும் அழித்திருப்பார்கள்.